விபத்து இழப்பீடும் ஒரு கட்டுரை ஏடும்



வழக்கமாக இப்பக்கத்தில் பாடம், தேர்வு, பயிற்று முறை என்றுதான் எழுதி வருகிறேன். இம்முறை சாலை விபத்தில் காயமுற்றவர்கள் கூடுதல் இழப்பீடு கோருவதைப் பற்றி எழுதுகிறேன். தமிழ்ப்பள்ளி ஆசிரியைக்கும் நீதிமன்ற வழக்குக்கும் என்ன தொடர்பு என்று சிலர் வியக்கக்கூடும். தொடர்பு உண்டு. அதைச் சொல்வதற்காகவே இக்கட்டுரை.

இழப்பீடு என்றாலே நம்மவர்களிடம் இரண்டு எண்ணங்கள் இருக்கின்றன. ஒன்று, அது அதிர்ஷ்டக் குலுக்கலில் விழும் பரிசு போன்றது என்ற எண்ணம். மற்றொன்று, அடிபட்ட பிள்ளையை வைத்துக் காசு பார்ப்பது பாவம் என்ற கூச்சம். முதல் எண்ணம் உள்ளவர் ஏமாற்றப்படுகிறார். இரண்டாம் எண்ணம் உள்ளவர் கொடுத்ததை வாங்கிக்கொண்டு பேசாமல் இருந்துவிடுகிறார். இரண்டுமே தவறான எண்ணங்கள். இழந்ததைப் பணத்தால் அளக்க முடிந்த மட்டும் அளந்து, அதைத் திருப்பித் தருவதே இழப்பீடு. அளவு குறைவாக இருந்தால் சரியாக அளக்கச் சொல்வது உரிமை. அதைப் பேராசை என்று சொல்லலாகாது. ஆனால், அளப்பதற்குச் சான்று வேண்டும். சான்று இல்லாத இழப்பு, நீதிமன்றத்தின் கணக்கில் ஏறுவதில்லை.

இதை நான் கற்றுக்கொண்டது என் மாணவி ஒருத்தியின் வழக்கில். பெயரும் ஊரும் வேண்டாம். 2015ஆம் ஆண்டு அவள் நான்காம் ஆண்டில் என் வகுப்பில் படித்தாள். தந்தை லாரி உதவியாளர்; தாய் தொழிற்சாலைத் தொழிலாளி. ஏப்ரல் மாதத்தில் ஒரு மாலை, பள்ளி முடிந்து சாலையோரமாக நடந்து போனவளை ஒரு கார் மோதியது. வலது தொடை எலும்பு முறிந்தது. தலையில் அடிபட்டு, மூளையின் முன்பகுதியில் சிறிதளவு இரத்தக் கசிவு ஏற்பட்டது. மூன்று வாரம் அரசாங்க மருத்துவமனையில் இருந்தாள். தலைக்கு அறுவை சிகிச்சை தேவைப்படவில்லை. தொடையில் உலோகத் தகடு பொருத்தினார்கள்.

மருத்துவமனையில் இருந்தபோதே ஒருவர் வந்து தாயிடம் பேசியிருக்கிறார். "நான் எல்லாம் பாத்துக்கிறேன், நீங்க கையெழுத்து மட்டும் போடுங்க" என்றாராம். அவர் வழக்கறிஞர் அல்லர், தரகர். விபத்துச் செய்தி எப்படியோ இவர்களுக்குக் கிடைத்துவிடுகிறது. தாய் நல்ல வேளையாகக் கையெழுத்திடவில்லை. பிறகு காப்புறுதித் தரப்பிலிருந்து 18,000 ரிங்கிட் தருவதாக ஒரு கடிதம் வந்தது. அதை எடுத்துக்கொண்டு பள்ளிக்கு வந்தார்.

"டீச்சர், இதுல என்னா எழுதியிருக்குன்னு கொஞ்சம் பாத்து சொல்லுங்க. நல்ல காசுதான்னு வீட்டுல சொல்றாங்க."

கடிதத்தின் பொருளை விளக்கினேன். ஏற்கலாமா, வேண்டாமா என்று நான் சொல்லவில்லை. அது வழக்கறிஞரிடம் கேட்க வேண்டிய கேள்வி. அவர் கேட்டார். அப்போதுதான் தெரிந்தது, பதினெட்டு வயது நிரம்பாத பிள்ளையின் சார்பில் செய்யும் சமரசத்துக்கு நீதிமன்றத்தின் ஒப்புதல் தேவை என்பது. பிள்ளைக்கு உரிய பணத்தைப் பெற்றோர் அவசரப்பட்டு விட்டுக்கொடுத்துவிடக் கூடாது என்பதற்காகவே இந்த ஏற்பாடு. தாயை வழக்குப் பிரதிநிதியாக வைத்து, மகள் பெயரில் செஷன்ஸ் நீதிமன்றத்தில் வழக்குத் தொடுக்கப்பட்டது. சாலை விபத்து வழக்குகளைப் பொறுத்தவரை செஷன்ஸ் நீதிமன்றத்துக்குத் தொகை வரம்பு கிடையாது.

இங்கே சட்டத்தைப் பற்றிச் சிறிது சொல்ல வேண்டும். பெரியவர் ஒருவர் விபத்தில் வேலை செய்ய முடியாமல் போனால், வருங்கால வருமான இழப்பைக் கோரலாம். அதைக் கணக்கிடும் முறையை 1956ஆம் ஆண்டின் சிவில் சட்டமே வகுத்திருக்கிறது. முப்பது வயதும் அதற்குக் கீழும் உள்ளவருக்கு 16 ஆண்டு வருமானம். அதற்கு மேற்பட்டவருக்கு, 60இலிருந்து வயதைக் கழித்து வருவதில் பாதி. முன்பு இது 55ஆக இருந்தது. 2019 செப்டம்பரில் நடப்புக்கு வந்த திருத்தம் 60ஆக உயர்த்தியது. எடுத்துக்காட்டாக, நாற்பது வயதுடைய ஒருவர், தம் வாழ்க்கைச் செலவு போக மாதம் 1,500 ரிங்கிட் ஈட்டி வந்தார் என்று கொள்வோம். உழைக்கும் திறனை அவர் முற்றாக இழந்தால், பத்து ஆண்டுக் கணக்கில் 180,000 ரிங்கிட். பழைய முறையில் ஏழரை ஆண்டுதான், 135,000 ரிங்கிட்.

ஆனால், அந்த 1,500 ரிங்கிட்டுக்குச் சான்று வேண்டும். நம்மவர்களில் எத்தனையோ பேர் கையில் கூலி வாங்குகிறார்கள். சம்பளச் சீட்டு இல்லை. சேமநிதிச் சந்தா இல்லை. "மாதம் இரண்டாயிரம் வாங்கினேன்" என்று வாயால் சொன்னால் எதிர்த்தரப்பு ஏற்காது. பெற்றோர்களே, முதலாளியிடம் சம்பளச் சீட்டு கேட்டு வாங்குங்கள். அது வெறும் துண்டுத் தாள் அல்ல.

பிள்ளையின் நிலை இன்னும் கடினமானது. விபத்தின்போது தன் உழைப்பால் வருமானம் ஈட்டிக்கொண்டிருந்தவர்தாம் வருங்கால வருமான இழப்பைக் கோர முடியும் என்கிறது அதே சட்டம். பத்து வயதுப் பிள்ளை எதைச் சம்பாதித்தது? ஆகவே அந்தக் கதவு அடைபட்டுவிடுகிறது. காயத்துக்கும் வலிக்கும் வாழ்க்கையில் இழந்த நலன்களுக்குமான தொகை, ஆன செலவு, இனி ஆகப்போகும் மருத்துவச் செலவு ஆகியவையே மிஞ்சுகின்றன. எனவே, காயம் எவ்வளவு கடுமையானது என்பதை மெய்ப்பிப்பதில்தான் பிள்ளையின் வழக்கு முழுவதும் தங்கியிருக்கிறது.

எலும்பு முறிவு எக்ஸ்ரே படத்தில் தெரியும். தழும்பு கண்ணுக்குத் தெரியும். தலைக்குள் நேர்ந்தது எதில் தெரியும்? மருத்துவமனையின் முதல் அறிக்கையில், அவள் நினைவு தெளிந்து, நல்ல நிலையில் வீடு திரும்பினாள் என்ற கருத்தில் ஒரு வரி இருந்தது. மருத்துவர் பொய் எழுதவில்லை. அன்று அவர் பார்த்தது அதுதான். கட்டிலில் படுத்திருக்கும் பிள்ளையிடம் பெயரும் நாளும் கேட்டால் சொல்லிவிடும். ஆனால், மூளையின் முன்பகுதியில் படும் அடி, கவனத்தையும் திட்டமிடும் ஆற்றலையும் பாதிக்கக்கூடியது. பிள்ளைகளிடம் அதன் விளைவு பல மாதங்களுக்குப் பிறகே தெரிய வரலாம். அது தெரிய வருகின்ற இடம் பெரும்பாலும் வகுப்பறைதான்.

ஆகஸ்டு மாதம் அவள் ஊன்றுகோலுடன் பள்ளிக்குத் திரும்பினாள். வருகைப் பதிவேட்டின்படி 74 பள்ளி நாட்கள் வராதிருந்தாள். விட்டுப்போன பாடங்களை ஈடுகட்டிவிடலாம் என்றுதான் நானும் எண்ணினேன். ஆனால், சொல்வதெழுதலில் முதல் மூன்று சொற்களைச் சரியாக எழுதுவாள். நான்காம் சொல்லுக்கு எழுதுகோலைப் பிடித்தபடி சன்னலைப் பார்த்துக்கொண்டிருப்பாள். யாரிடமும் கோபித்தறியாத பிள்ளை, பக்கத்தில் இருந்தவளின் பென்சிலைப் பிடுங்கி உடைத்தாள். உடைத்த பிறகு, ஏன் உடைத்தோம் என்று தெரியாமல் அழுதாள்.

எனக்கு ஒரு பழக்கம் உண்டு. ஆசிரியர் பயிற்சிக் காலத்தில் எங்கள் விரிவுரையாளர் ஒருவர் வற்புறுத்திக் கற்பித்த பழக்கம் அது. மாணவர் ஏட்டைத் திருத்தும்போது, ஒவ்வொரு பக்கத்திலும் சிவப்பு மையில் தேதியிட்டுக் கையொப்பமிடுவேன். இரண்டு வரியில் குறிப்பும் எழுதுவேன். அந்தக் கட்டுரை ஏட்டில், மார்ச் மாதம் 'என் பாட்டி வீடு' என்ற தலைப்பில் ஒன்றேகால் பக்கம் எழுதியிருந்தாள். கோழிக்கூண்டு, முருங்கை மரம், பாட்டியின் வெற்றிலைப் பெட்டி என்று ஒன்றன்பின் ஒன்றாகச் சொல்லிக்கொண்டு போயிருந்தாள். அக்டோபரில் 'எங்கள் பள்ளி' என்ற கட்டுரை. முதல் இரண்டு வாக்கியங்கள் அழகாக இருந்தன. மூன்றாவது வாக்கியம் இரண்டாவதன் மறுபடியே. நான்காவதும் அதுவே. ஏழு வரிகள் அப்படியே போய், பாதிச் சொல்லில் நின்றிருந்தது.

தாய் இதையெல்லாம் வழக்கறிஞரிடம் சொல்லியிருக்கிறார். வழக்கறிஞர் பள்ளிக்கு முறையாகக் கடிதம் எழுதிப் பதிவுகளைக் கேட்டார். தலைமையாசிரியர் ஒப்புதலுடன் வருகைப் பதிவு, மதிப்பெண் பட்டியல், ஏடுகளின் நகல்கள் அனைத்தும் கொடுக்கப்பட்டன. அவற்றைப் பார்த்த பிறகே, பிள்ளையின் நினைவாற்றலையும் கவனத்தையும் சோதிக்க நிபுணர் ஒருவரிடம் அனுப்ப வேண்டும் என்று வழக்கறிஞர் முடிவு செய்தார். கட்டுரை ஏடு எந்த நோயையும் நிரூபிக்கவில்லை. எங்கே தேடிப் பார்க்க வேண்டும் என்பதை அது காட்டியது.

இந்த இடத்தில் ஒரு சிக்கல் எழுந்தது. விபத்துக்கு முன்பும் அவள் கணிதத்தில் சுமார்தான். முதல் தவணைச் சோதனையில் 41 புள்ளிகள். உறவினர் ஒருவர் என்னிடம் வந்து, "டீச்சர், அந்தக் கணக்குத் தாள மட்டும் விட்ருங்களேன், பாவம் புள்ள" என்றார். அவருடைய பரிவு எனக்குப் புரிந்தது. ஆயினும், "இருப்பதை எல்லாம் கொடுப்பேன்; இல்லையென்றால் எதையும் கொடுக்க மாட்டேன்" என்று சொல்லி அனுப்பினேன். அன்று அவருக்கு என்மீது மனத்தாங்கல்.

2017இல் அழைப்பாணை வந்தது. சாட்சிக் கூண்டில் நின்றேன். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் மரியாதையாகத்தான் பேசினார். "பிள்ளைகளின் மதிப்பெண் ஏறுவதும் இறங்குவதும் இயல்புதானே, ஆசிரியை அவர்களே?" என்றார். ஆம் என்றேன். "இந்த மாணவி விபத்துக்கு முன்பே கணிதத்தில் பின்தங்கியவர்தானே?" ஆம் என்றேன். "அப்படியானால், இப்போதைய பின்னடைவுக்கு விபத்துதான் காரணம் என்று எப்படிச் சொல்கிறீர்கள்?"

"காரணம் இன்னதென்று நான் சொல்லவில்லை, அதைச் சொல்ல வேண்டியவர் மருத்துவர். மார்ச் மாதம் இந்தப் பிள்ளை ஒரு கட்டுரையைத் தொடங்கி முடித்தாள். அக்டோபரில் தொடங்கினாள், முடிக்க முடியவில்லை. இரண்டு பக்கத்திலும் தேதி இருக்கிறது. நான் சொல்லக்கூடியது இவ்வளவுதான்" என்றேன். நீதிபதி அந்த இரு பக்கங்களையும் சற்று நேரம் மாற்றி மாற்றிப் பார்த்தார்.

2018 தொடக்கத்தில் தீர்ப்பு வந்தது. தொடை முறிவுக்கு 28,000, தலைக் காயத்துக்கு 30,000, தழும்புகளுக்கு 8,000, செலவுகளுக்கு 6,000; மொத்தம் 72,000 ரிங்கிட். ஆனால், சிறுமி திடீரென்று சாலையில் இறங்கினாள் என்ற ஓட்டுநரின் வாக்குமூலத்தை ஓரளவு ஏற்று, அவள் மீதும் 30 விழுக்காடு கவனக்குறைவு சுமத்தப்பட்டது. கழித்தபின் 50,400 ரிங்கிட். முதலில் சொன்ன 18,000த்தோடு ஒப்பிட்டால் இது பெரிய தொகை. "போதும், விட்டுவிடலாம்" என்றார் தந்தை. வழக்குக்காக வேலைக்கு விடுப்பெடுத்து அலைந்து களைத்தவர் அவர். அவரைக் குறை சொல்ல முடியாது.

தாய்தான் உடன்படவில்லை. "காசு கூட வருதோ இல்லியோ, அவ மேல தப்புன்னு எழுதியிருக்காங்களே, அத மட்டும் நான் ஒத்துக்க மாட்டேன்" என்றார். மேல்முறையீடு என்பது பணத்தைப் பற்றியது மட்டும் அன்று என்பதை எனக்கு உணர்த்தியது அந்தச் சொல்.

செஷன்ஸ் நீதிமன்றத் தீர்ப்பை எதிர்த்து உயர் நீதிமன்றத்துக்குப் போக 14 நாட்களே அவகாசம். அங்கே வழக்கை மீண்டும் முதலிலிருந்து விசாரிப்பதில்லை. சாட்சிகளைத் திரும்ப அழைப்பதும் பொதுவாக இல்லை. கீழ் நீதிமன்றம் தவறான அடிப்படையில் கணக்கிட்டது என்றோ, தொகை வெளிப்படையாகவே மிகக் குறைவு என்றோ காட்ட வேண்டும். "இன்னும் கொஞ்சம் சேர்த்துக் கொடுங்கள்" என்பது அங்கே வாதமாகாது. வழக்கறிஞர் இரண்டு செய்திகளை மட்டும் எடுத்துக்கொண்டார். ஒன்று, போலீஸ் வரைபடம். அதில் பிள்ளையின் ஒற்றைக் காலணி சாலையில் அல்ல, ஓரத்துப் புல்தரையில் கிடந்ததாகக் குறிக்கப்பட்டிருந்தது. மேலும், பத்து வயதுப் பிள்ளையின் கவனத்தைப் பெரியவரின் கவனத்தோடு வைத்து அளக்கக் கூடாது. மற்றொன்று, தலைக் காயம். நிபுணர் அறிக்கை சொன்ன நிலைத்த பாதிப்புக்கு, அதையொத்த வழக்குகளில் கொடுக்கப்பட்ட தொகைகள் அதிகம். வழக்கறிஞர் மன்றத்தின் இழப்பீட்டுத் தொகுப்பு 2018 ஜூலையில் திருத்தி வெளியிடப்பட்டிருந்தது. ஒவ்வொரு வகைக் காயத்துக்கும் எவ்வளவு வரை கொடுக்கலாம் என்று காட்டும் வழிகாட்டி அது, சட்டம் அன்று.

2018 இறுதியில் உயர் நீதிமன்றம் தலைக் காயத்துக்கான தொகையை 55,000 ரிங்கிட்டாக உயர்த்தியது. கவனக்குறைவை 10 விழுக்காடாகக் குறைத்தது. மொத்தம் 97,000; கழிவு போக 87,300 ரிங்கிட்டும் வட்டியும். பள்ளிப் பதிவுகள் பிள்ளைக்குச் சாதகமானவற்றையும் பாதகமானவற்றையும் ஒருசேரக் காட்டுவதால் அவற்றை நம்பலாம் என்ற கருத்து தீர்ப்பில் இருந்ததாக வழக்கறிஞர் சொன்னார். அந்த 41 புள்ளிக் கணக்குத் தாள்தான் கட்டுரை ஏட்டுக்கு எடை சேர்த்திருக்கிறது. அந்த உறவினர் பிறகு ஒரு தீபாவளிக்கு முறுக்கு கொண்டுவந்து கொடுத்துவிட்டுப் போனார். வழக்கைப் பற்றி ஒன்றும் பேசவில்லை.

பணம் பெற்றோர் கைக்கு வரவில்லை. நீதிமன்ற உத்தரவின்படி, பிள்ளைக்குப் பதினெட்டு வயது ஆகும்வரை அறங்காவலர் பொறுப்பில் வைக்கப்பட்டது. படிப்புக்கும் சிகிச்சைக்கும் விண்ணப்பித்து இடையில் ஒரு பகுதியை எடுத்தார்கள். இடைநிலைப்பள்ளியில் அவள் முதல் வரிசை மாணவியாக இல்லை. ஆனால், சிறுசிறு பகுதிகளாகப் பிரித்துப் படிக்கப் பழக்கும் சிறப்பு வகுப்புக்கு அப்பணத்தால் போக முடிந்தது. பிறகு தொழிற்பயிற்சியில் சேர்ந்து தையற்கலை பயின்றாள். 87,000 ரிங்கிட் அவளுடைய பழைய கட்டுரைகளைத் திருப்பித் தரவில்லை. எந்தத் தொகையும் தராது. ஆனால், 18,000 ரிங்கிட்டில் இந்தப் படிப்பும் வாய்த்திருக்காது.

பெற்றோர்கள் நினைவில் கொள்ள வேண்டியவற்றைச் சுருக்கமாகத் தருகிறேன்.

1. விபத்து நேர்ந்த 24 மணி நேரத்துக்குள் போலீசில் புகார் செய்ய வேண்டும் என்பது சட்டம். புகாரில் எழுதியதைப் படிக்கக் கேட்டு, சரியாக இருந்தால் மட்டும் கையொப்பமிடுங்கள். பிறகு மாற்றிச் சொன்னால் அதுவே எதிராகத் திரும்பும்.

2. மருந்து, வாடகை வண்டி, ஊன்றுகோல் என்று எல்லாச் செலவுக்கும் ரசீது வாங்கி ஓர் உறையில் போட்டு வையுங்கள்.

3. மருத்துவமனைக்குத் தேடி வரும் தரகரிடம் கையெழுத்தோ அடையாள அட்டை நகலோ கொடுக்க வேண்டாம். வென்றால் மட்டும் இத்தனை விழுக்காடு என்று வழக்கறிஞர் ஒப்பந்தம் செய்வதை 1976ஆம் ஆண்டின் வழக்கறிஞர் தொழில் சட்டம் தடை செய்கிறது. வசதி குறைந்தவர்கள் சட்ட உதவித் துறையிலும் வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையங்களிலும் விசாரிக்கலாம்.

4. பொதுவாக வழக்குத் தொடுக்க ஆறு ஆண்டுகள் அவகாசம் உண்டு. மோதியது அரசாங்க வாகனமாக இருந்தால் 36 மாதங்கள் என்று கருதி விரைந்து செயல்படுங்கள்.

5. வேலைக்குப் போகும்போதோ திரும்பும்போதோ விபத்து நேர்ந்தால், சொக்சோவிடம் தனியாக விண்ணப்பிக்க மறவாதீர்கள்.

6. தலையில் அடிபட்ட பிள்ளை "நல்லா இருக்கு" என்று சொல்லப்பட்டாலும், வகுப்பாசிரியரிடம் ஓராண்டுக்காவது அடிக்கடி கேளுங்கள். மாற்றம் தெரிந்தால் மருத்துவரிடம் சொல்லி, அதைப் பதிவு செய்யச் சொல்லுங்கள்.

ஆசிரிய நண்பர்களுக்கு ஒன்று. வழக்கில் நாம் யாருக்கும் கட்சி சேர வேண்டியதில்லை. நீதிமன்றம் அழைத்தால், இருப்பதை இருப்பதாகச் சொன்னால் போதும். அதற்கு ஏட்டில் ஏதாவது இருக்க வேண்டும். ஏடு திருத்துவது முடிவில்லாத வேலை. பக்கத்துக்குப் பக்கம் தேதியும் குறிப்பும் எழுதுவது கைவலி என்பதை நானும் அறிவேன். ஆனால், ஒரு பிள்ளை முன்பு எப்படி இருந்தாள் என்று எழுத்தில் காட்டக்கூடியவர்கள் இந்த உலகத்தில் அதிகம் பேர் இல்லை. பெற்றோருக்கு நினைவு இருக்கும்; நம்மிடம்தான் தேதியோடு இருக்கும்.

அடுத்த பதிவில், படிநிலை ஒன்று மாணவர்களுக்கான வாசிப்பு அட்டைகளைப் பற்றிப் பார்ப்போம்.